திரௌபதி நீட்டிய தட்டு

குட்டியானை வண்டியில் கல்யாண எல்இடி திரையைக் கட்டிக்கொண்டு மலை ஏறுவது என்றால் சும்மாவா? ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் எனக்கு உயிர் போய்ப் போய் வந்தது. திரையில் ஒரு கீறல் விழுந்தால் அடுத்த முகூர்த்தத்துக்கு நான் எங்கே போய் நிற்பேன்? பக்கத்தில் உட்கார்ந்திருந்த சசிகலாவுக்கு அந்தக் கவலையே இல்லை. ஹார்டு டிஸ்க் இருந்த பையை மடியில் வைத்து இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டு வந்தாள்.

"அண்ணா, அவங்களுக்குப் புடிக்குமா?"

"அமிர்தி தாண்டினதுல இருந்து இதையே கேட்டுக்கினு வர்ற. புடிக்கும் தாயே, புடிக்கும்."

"புடிக்கலன்னா?"

தும்பக்காட்டு ஊருக்கு அவள் ஒரு வாக்குக் கொடுத்திருந்தாள். அந்த ஊரை அவள் எடுத்த படத்தை முதலில் ஊர்தான் பார்க்கும். ஊர் கூடி சரி என்று வார்த்தை தந்தால்தான் அது மலையை விட்டு இறங்கும். வேண்டாம் என்று விட்டால், டிஸ்க்கை பீரோவில் வைத்துப் பூட்டிவிடுவாள். யார் கேட்டும் கொடுக்க மாட்டாள். கேரளாவில் ஒரு படவிழாவிலிருந்து படத்தை அனுப்பச் சொல்லிக் கேட்டிருந்தார்கள். மூன்று வருட உழைப்பு அந்தச் சாயங்காலம் ஒரு ஊரின் வாயில் இருந்தது. யாராவது இப்படி ஒரு வாக்குக் கொடுப்பார்களா? சசிகலா கொடுத்தாள்.

என்னைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். நான் பாலமுருகன். கண்ணமங்கலம் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரில் போட்டோ, வீடியோ ஸ்டூடியோ வைத்திருக்கிறேன். இந்த வட்டாரத்தில் என்னிடம் திட்டு வாங்காத மாப்பிள்ளை குறைவு. தாலி கட்டி முடித்த மாப்பிள்ளையையே, "சார், ஒன் மோர், முகத்தைக் கொஞ்சம் இந்தப் பக்கம்" என்று மறுபடி கட்டுகிற மாதிரி நடிக்க வைத்தவன் நான். அது என் தொழில். பார்ட்டிக்கு ஆல்பம் நன்றாக வர வேண்டும், அவ்வளவுதான்.

சசிகலா என்னிடம் ஆல்பம் டிசைன் செய்கிற வேலைக்குத்தான் வந்தாள். கணியம்பாடிப் பக்கம் ஒரு கிராமம். அப்பா லட்சுமணனுக்கு நெல்லும் கொஞ்சம் கரும்பும். காலேஜ் முடித்த பெண் வீட்டில் சும்மா இருக்க வேண்டாம் என்று கொண்டுவந்து விட்டார். நன்றாகத்தான் வேலை செய்தாள். ஒரு முகூர்த்த நாளில் ஆள் பற்றாமல் அவள் கையில் கேமராவைக் கொடுத்தேன் பாருங்கள், அன்றைக்குப் பிடித்தது வம்பு.

அவள் எடுத்ததைப் போட்டுப் பார்த்தால், மேடையே இல்லை! சமையல்கட்டில் அப்பளம் பொரிக்கிற அம்மாள். மண்டபத்துக்குப் பின்னால் தனியாக நின்று கண்ணைத் துடைத்துக்கொள்கிற பெண்ணின் சித்தப்பா. எல்லாவற்றுக்கும் மேலாக, மணப்பெண் விட்ட ஒரு கொட்டாவி. முழுசாக, ஆரம்பத்திலிருந்து முடிவு வரை.

பார்ட்டி கடைக்கு வந்து சண்டை போட்டார்கள். நான் சசிகலாவை வாங்கு வாங்கென்று வாங்கினேன். அவள் அசையவில்லை.

"அண்ணா, அந்தப் பொண்ணு விடியறதுக்கு முன்னாடியே எழுந்து உக்காந்து கீது. கொட்டாவி வராம பின்ன இன்னா வரும்?"

வயிற்றெரிச்சலைக் கேளுங்கள். அந்த மணப்பெண்ணே அடுத்த வருடம் கைக்குழந்தையோடு கடைக்கு வந்தாள். "அண்ணா, ஆல்பம் எல்லாம் யாரோ மாதிரி கீது. அந்தக் கொட்டாவி வுட்டது இருந்தா பென் டிரைவ்ல போட்டுக் குடுங்க. அதுலதான் நான் கீறேன்" என்றாள். சசிகலா என்னைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் பென் டிரைவை வாங்கிச் சொருகினாள். நான் டீ குடிக்க வெளியே போய்விட்டேன்.

தும்பக்காட்டுக்கு நாங்கள் முதலில் போனதும் ஒரு கல்யாண ஆர்டருக்குத்தான். ஜமுனாமரத்தூரிலிருந்து உள்ளே போக வேண்டும். சின்ன ஊர். சாமைக் கொல்லைகளும் புளியமரங்களும். அன்றைக்குப் பார்த்து ஒரு டிவி கம்பெனிக்காரர்களும் அங்கே வந்திருந்தார்கள். மலைவாழ் மக்களின் வாழ்க்கையை எடுக்கிறார்களாம். எடுத்த லட்சணத்தைக் கேளுங்கள். திரௌபதி என்று ஒரு அம்மாள். சாமை போடுவாள், புளி உலுக்கி ஜமுனாமரத்தூர் கடைக்கு அனுப்புவாள், பெண்கள் குழுவுக்குத் தலைவி, கையில் பெரிய செல்போன். அந்தம்மாளிடம் போய், "போனை மறைச்சுடுங்க, இதை வாய்கிட்ட வெச்சுக் கடிக்கிற மாதிரி பிடிங்க" என்று கையில் ஒரு தேனடையைக் கொடுத்தார்கள்.

"ஐயோ, எனக்குத் தேனீன்னாலே பயம். நான் தேன் எடுத்ததே இல்ல" என்று அவள் சொல்லச் சொல்ல, கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

அடையில் ஒரு தேனீ மிச்சம் இருந்திருக்கிறது. உதட்டிலேயே கொட்டிவிட்டது. உதடு வீங்கி அந்தம்மாள் துடிக்கிறாள், டிவி கேமராக்காரன் என்ன சொன்னான் தெரியுமா? "சூப்பர்மா. ஒன் மோர்."

சசிகலா பாய்ந்துவிட்டாள். "அவங்க ஒதட்டப் பாருய்யா! கண்ணு தெரியலயா உனக்கு?" என்று கத்திக்கொண்டே தேனடையைப் பிடுங்கித் தூக்கி எறிந்தாள். எனக்கும் கோபம் வந்தது. ஆனால் அந்த 'ஒன் மோர்' காதில் விழுந்தபோது கொஞ்சம் கூசியது. அது என் குரல் மாதிரியே இருந்தது.

மலை இறங்கும்வரை பேசாமல் வந்தவள், கண்ணமங்கலம் வந்ததும் சொன்னாள். "அண்ணா, நான் அந்த ஊரப் படம் எடுக்கப் போறேன். யாரையும் எதையும் புடிக்கச் சொல்ல மாட்டேன். கேள்வி கேக்க மாட்டேன். ஒருத்தர் செஞ்சத மறுக்கா செய்யச் சொல்ல மாட்டேன். அவங்க பாட்டுக்கு இருப்பாங்க, நான் பாட்டுக்குப் பார்ப்பேன். உங்க கேமரா வேணும். நீங்க மைக் புடிக்கணும்."

என் ஸ்டூடியோ, என் கேமரா, நான் மைக் பிடிக்க வேண்டுமாம்! எனக்கு வந்த ஆத்திரத்துக்கு, மேஜையில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினேன்.

"முகூர்த்தம் இல்லாத மாசத்துல வூட்டுல ஈ ஓட்டிக்கினுதானே கீறீங்க" என்றாள். அது உண்மைதான். போனேன். போகும்போதே ஒரு கண்டிஷனும் போட்டாள். "ஒன் மோர்ங்கிற வார்த்தை உங்க வாயில இருந்து வந்துச்சு, மைக்கப் புடுங்கிக்கினு பஸ் ஏத்தி அனுப்பிடுவேன்."

மலையில் முதல் நாள் ஊர் நாட்டாமை வேடியப்பனைப் பார்த்தோம். ஐம்பது வயது இருக்கும். எதையும் ஒரு தடவை மென்றுவிட்டுத்தான் பேசுவார். எங்களை உட்கார வைத்து, ஊரையும் கூப்பிட்டு, "இன்னா வேணும்னு சொல்லுங்க" என்றார். சசிகலா வாயைத் திறப்பதற்குள் நான் எழுந்துவிட்டேன். மேடைப் பேச்சு எனக்குப் பழக்கம்.

"ஒண்ணும் வேணாங்க. நாங்க இங்க இல்லாத மாதிரி நீங்க உங்க வேலையைப் பாருங்க. அது போதும்."

கல்யாண மண்டபத்தில் தினமும் சொல்கிற வசனம். ஒருத்தரும் மதிக்க மாட்டார்கள். கேமராவைப் பார்த்துப் பல்லைக் காட்டிக்கொண்டேதான் இருப்பார்கள். ஆனால் தும்பக்காடு கல்யாண மண்டபம் இல்லையே!

மறுநாள் காலை, ஊரில் டீக்கடை வைத்திருக்கிற பாஞ்சாலையிடம் போய், "அம்மா, ரெண்டு டீ" என்றேன். பாஞ்சாலை எனக்குப் பின்னால் நின்றவருக்கு டீ கொடுத்தாள். அவர் என் தோளுக்கு மேலே கையை நீட்டி வாங்கிக்கொண்டார். "அம்மா, டீ" என்றேன் மறுபடியும். அவள் என் முகத்துக்கு நேரே பார்த்தாள். எனக்குப் பின்னால் இருக்கிற புளியமரத்தைப் பார்த்தாள். தெருவில் வணக்கம் சொன்னால் பதில் இல்லை. மதியம் ஜீப்பில் இடம் பிடிக்க ஓடினோம், வண்டி கிளம்பிப் போயே விட்டது. ஊரிலேயே எங்களைப் பார்த்துக் குரைத்தது ஒரு நாய் மட்டும்தான். அதைக் கூட்டத்துக்குக் கூப்பிடவில்லை போலிருக்கிறது.

எனக்கு வயிறு கபகபவென்று எரிந்தது. "இன்னா ஊரும்மா இது? மனுசன மனுசனா மதிக்க மாட்டாங்களா?" என்று தெருவில் நின்று கத்தினேன். அதையும் யாரும் கேட்கவில்லை.

அப்போதுதான் திரௌபதி வீட்டு வாசலில் அவள் தன் பசுமாட்டிடம் பேசுவது காதில் விழுந்தது. உரக்கத்தான் பேசினாள்.

"ஏ மகாலட்சுமி, கேளு. நேத்து ராத்திரி ஊர் கூடி வெத்தல மாத்திக்கினாங்க. கேமரா புடிக்கிற பொண்ணும் மைக்கு புடிக்கிற ஆளும் இந்த ஊர்ல இல்ல. ஒருத்தரு பாத்து ஒருத்தரு பாக்காம இருந்தா அந்தப் பொண்ணு வேல கெட்டுப் பூடும், செஞ்சா ஊரே செய்யணும்னு பைசல் ஆயிடுச்சு. நான் இன்னா பண்றது? அந்தப் பொண்ணு எனக்காக அன்னிக்கு சண்டை போட்டுது. அது மட்டும் இங்க இருந்தா, அடுப்பாண்ட மூடி வெச்சிருக்கிற களியையும் கொள்ளு கொழம்பையும் துன்னுட்டுப் போவும். இல்லாதவங்களுக்கு யாரு சொல்றது?"

சொல்லிவிட்டு, மாட்டை இழுத்துக்கொண்டு எங்களைத் தாண்டிப் போய்விட்டாள். நான் அடுப்படிக்கு ஓடினேன். அந்தக் களி மாதிரி ஒரு களியை நான் அதுவரைக்கும் தின்றதில்லை.

விஷயம் இதுதான். அந்த ஊரில் கூட்டத்தில் வெற்றிலை மாற்றிப் பேசின வார்த்தை எல்லா வீட்டையும் கட்டும். அதை மறுபடி ஊர் கூடித்தான் அவிழ்க்க முடியும். நான் வாய்க்கு வந்ததைச் சொன்னேன். அவர்கள் அதை உட்கார்ந்து யோசித்து, முழுசாக நிறைவேற்றிவிட்டார்கள். உலகத்தில் எந்தப் படக்காரனுக்கும் இப்படி ஒரு ஊர் கிடைத்திருக்காது!

சசிகலா குதித்தாள். உண்மையாகவே, கொல்லை வரப்பில் நின்று குதித்தாள். "அண்ணா, இதத்தான் நான் தேடிக்கினு இருந்தேன். யாரும் நம்மளப் பாக்கல! யாரும் நடிக்கல!"

"எனக்கு டீயும் குடுக்கல" என்றேன்.

அதற்கப்புறம் மூன்று வருடமும், மழை தொடங்கியதிலிருந்து சாமை அறுப்பு வரை, ஊர்க் கணக்கில் நாங்கள் அங்கே இல்லை. மாதம் ஒரு தடவையாவது போவோம், தங்குவோம், எடுப்போம். பிஸ்கட், வாழைப்பழம், திரௌபதி பசுமாட்டிடம் சொல்கிற சோறு, இதுதான் சாப்பாடு. சசிகலா எடுத்ததெல்லாம் எப்படி வந்தது தெரியுமா? களை பறித்துக்கொண்டே பெண்கள் குழுவில் யார் ஏமாற்றுகிறாள் என்று போட்டுக்கொண்ட சண்டை. பாஞ்சாலை கடைக்குள் தனியாக உட்கார்ந்து செல்போனில் காமெடி பார்த்து வயிறு வலிக்கச் சிரிப்பது. சிக்னலுக்காகப் பாறை மேல் ஏறி நின்று, பெங்களூரில் வேலைக்குப் போயிருக்கிற மகனிடம், "சாப்ட்டியா? இன்னா சாப்ட்ட? எத்தினி மணிக்கு சாப்ட்ட?" என்று கத்துகிற நாட்டாமை. தேனடை இல்லை, இலை கட்டிக்கொண்டு ஆடுவது இல்லை. மானிட்டரில் பார்த்துவிட்டு எனக்கே கை பரபரத்தது. இருபது வருடமாக நான் என்னத்தை எடுத்தேன் என்று தோன்றியது. அதை அவளிடம் சொல்லவில்லை. சொன்னால் தலையில் ஏறி உட்கார்ந்துவிடுவாள்.

மூன்றாவது வருடம் தை மாதம் திரௌபதி மகள் அம்சவல்லிக்குக் கல்யாணம் வைத்தார்கள். அங்கேதான் முடிச்சு விழுந்தது. வீடு வீடாக வெற்றிலை பாக்கு வைத்து அழைக்க வேண்டும். அழைக்காத ஆளுக்குக் கல்யாணச் சோறு போடக் கூடாது. இல்லாத ஆளை எப்படி அழைப்பது? திரௌபதி ஊரைக் கூட்டச் சொன்னாள்.

அந்தக் கூட்டத்தையும் சசிகலாதான் எடுத்தாள். எப்படி இருந்திருக்கும் யோசித்துப் பாருங்கள். அவள் இருக்கிறாளா இல்லையா என்று ஊர் பேசுகிறது, அவள் நடுவில் நின்று கேமரா பிடிக்கிறாள். வாயைத் திறக்க முடியாது, ஏனென்றால் அவள்தான் இல்லையே!

"எம் பொண்ணு கல்யாணத்துல ரெண்டு பேரு பசியோட பந்தல்ல நிப்பாங்க, நான் ஊருக்கே சோறு போடுவேனா?" என்று திரௌபதி எகிறினாள். "என்னால ஆவாது. இல்லன்னா கல்யாணத்தத் தள்ளிப் போடு."

நாட்டாமை மென்றார். ஊரைப் பார்த்தார். வெற்றிலைத் தட்டை எடுத்துக்கொண்டு நேராகக் கேமரா முன்னால் வந்து நின்றார். முதல் தடவையாக, லென்சுக்கு மேலே, அவள் கண்ணைப் பார்த்தார். "சசிகலா, கல்யாணத்துக்கு வாம்மா. மைக்குக்காரே, நீங்களும் வந்துடுங்க."

எல்லாரும் ஒரே நேரத்தில் எங்களைப் பார்த்தார்கள். பாஞ்சாலை, "எத்தினி நாளா ஒனக்கு டீ குடுக்காம என் மனசு அடிச்சுக்கிச்சு!" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். மைக் பிடித்திருந்த கையை அவள் உலுக்கிய உலுக்கில் சவுண்டு முழுக்கக் கரகரவென்று போய்விட்டது. சசிகலா கேமராவுக்குப் பின்னால் அழுதாள். இதை நான் சொன்னேன் என்று சொல்லிவிடாதீர்கள்.

கல்யாணத்தன்று பந்தியை எடுத்துக்கொண்டிருந்தோம். கேமரா ஸ்டாண்டில் இருந்தது. திரௌபதி பரிமாறிக்கொண்டே வந்தாள். மற்றவர்களுக்கு இலை. எங்களுக்கென்று அம்சவல்லி பேர் வெட்டின புது எவர்சில்வர் தட்டில் சோறு போட்டு, கேமராவுக்கு நேராக நீட்டினாள்.

அந்த ஷாட்டின் மிச்சத்தை நான் பிறகு சொல்கிறேன். ஏனென்றால் எடிட்டிங்கில் சசிகலா அதை அங்கேயே வெட்டிவிட்டாள். தட்டு நீளும், வெட்டு. நாட்டாமை வெற்றிலையோடு வருகிற ஷாட்டையும் முழுசாகத் தூக்கிவிட்டாள். "படத்துலயே அதான்மா பெஸ்ட்டு ஷாட்டு!" என்று நான் தொண்டை கிழியக் கத்தினேன். "நான் வரக் கூடாதுண்ணா. வந்தா அது என் படம் ஆயிடும். இது அவங்க படம்" என்றாள். அவள் பிடிவாதத்துக்கு முன்னால் யாரால் நிற்க முடியும்?

ஆக, குட்டியானை தும்பக்காட்டுக்கு வந்து சேர்ந்தது. திரை உடையவில்லை. மாரியம்மன் கோயில் மைதானத்தில் நிறுத்தி, ஜெனரேட்டரைப் போட்டேன். எல்இடி திரைக்கு இருட்டு வேண்டியதில்லை. வெயில் தாழ்ந்ததும் ஆரம்பித்துவிட்டோம். புதுப்பெண் அம்சவல்லி புருஷனோடு வந்திருந்தாள். பக்கத்து ஊர்களிலிருந்தெல்லாம் ஆட்கள். கல்யாணக் கூட்டம் தோற்றது.

சிரிப்பென்றால் அப்படி ஒரு சிரிப்பு! நாட்டாமை பாறை மேல் நின்று, "சாப்ட்டியா?" என்று கத்தினதும், ஊரே சேர்ந்து, "இன்னா சாப்ட்ட?" என்று கத்தியது. நாட்டாமை துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். பாஞ்சாலை சிரிப்பதைப் பார்த்து பாஞ்சாலையே மறுபடி வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். களையெடுப்புச் சண்டை வந்தபோது, சண்டை போட்ட இரண்டு பேரும் மைதானத்திலேயே அதைத் தொடர்ந்தார்கள். நான் சசிகலா முதுகில் ஒரு தட்டுத் தட்டி, "பைசல்! கேரளாவுக்கு டிக்கெட் போடு" என்றேன். அவள் சிரிக்கவில்லை. நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

படம் முடிந்தது. கைதட்டல், விசில். நாட்டாமை எழுந்து, "ஊருக்கு இன்னா தோணுது?" என்று கேட்டார். சரி, சரி என்று நாலா பக்கமும் குரல். வெற்றிலைத் தட்டு வந்துவிட்டது.

"இருங்க" என்றாள் திரௌபதி.

எழுந்து நின்றாள். அவள் முகத்தில் சிரிப்பே இல்லை.

"எம் பொண்ணு கல்யாணத்துல நான் ஒரு தட்டு நீட்டுறேனே, அது எங்க போச்சு?"

யாருக்கும் புரியவில்லை. எனக்குப் புரிந்துவிட்டது. சசிகலாவைத் திரும்பிப் பார்த்தேன்.

"சோறு போட்டு நீட்டுறேன். அப்பறம் பாத்தா வேற இன்னமோ வருது. எதுக்க யாருமே இல்ல. பாக்குறவங்க இன்னா நெனைப்பாங்க? திரௌபதி பைத்தியம், காத்துக்கு சோறு போடறான்னா?"

"அக்கா, அது எனக்குக் குடுத்த தட்டு" என்றாள் சசிகலா. "நான் படத்துல வரக் கூடாது. அன்னிக்கு டிவிக்காரங்க வந்தாங்களே, மைக்கப் புடிச்சுக்கினு நடுவுல நின்னாங்களே, அந்த மாதிரி நான் வந்து நிக்க மாட்டேன். இது உங்க படம்."

"உன்ன யாரு நிக்கச் சொன்னது? உக்காந்து துன்னச் சொல்றேன்."

விசில் அடித்துக்கொண்டிருந்த பிள்ளைகளும் திரும்பி அவளைப் பார்த்தார்கள்.

"நீ இல்லன்னு ஊர் கூடி சொன்னோம்" என்றாள் திரௌபதி. "வாயக் கட்டி, மனசக் கட்டி, மாட்டுக்கிட்ட பேசிக்கினு இருந்தேன். அப்பறம் நீ கீறேன்னு ஊர் கூடி சொன்னோம். ரெண்டும் எங்க வார்த்த. நீ ஒண்ண வெச்சுக்கினு ஒண்ணத் தூக்கிப் போட்டுட்ட. படத்துல நீ இன்னும் இல்லாமயே கீற."

சசிகலா தலையைக் குனிந்துகொண்டாள்.

நாட்டாமை ரொம்ப நேரம் மென்றார். பிறகு வெற்றிலைத் தட்டைக் கீழே வைத்துவிட்டார். "படம் நல்லாத்தான் கீதும்மா. ஆனா அரைகுறையா கீது. இப்பிடியே வுட்டா ஊர் வார்த்த தர முடியாது."

சசிகலா விறுவிறுவென்று வண்டிக்குப் பின்னால் போய்விட்டாள். நானும் ஓடினேன். அழுகிறாளா, கோபமா என்று கண்டுபிடிக்க முடியாத முகம்.

"மூணு வருசம் கட்டிக் காத்தேன்ணா. ஒரு எடத்துலயாவது மூஞ்சியக் காட்டியிருப்பேனா? இப்ப வந்து உக்காருன்னா?"

எனக்கு வழக்கமாக வருகிற கோபம் அன்றைக்கு வரவில்லை. "சசி, அந்த ஷாட்டு என் லேப்டாப்புல கீது. நீ வெட்டினதெல்லாம் நான் தனியா வெச்சிருக்கேன். நீ சொன்னாதான் போடுவேன். வேணான்னா திரையக் கழட்டிடலாம்" என்றேன்.

திரைக்கு அந்தப் பக்கம் ஒருத்தரும் எழுந்து போகவில்லை. உட்கார்ந்தே இருந்தார்கள். அவள் எட்டிப் பார்த்தாள். திரௌபதி முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள், வெறும் கறுப்புத் திரையை.

"போடுங்கண்ணா" என்றாள்.

போட்டேன். பந்தி. திரௌபதி தட்டை நீட்டுகிறாள். இந்தத் தடவை வெட்டு இல்லை. தட்டு நீண்டபடியே இருக்கிறது. அப்புறம் கேமரா பக்கத்திலிருந்து ஒரு கை வருகிறது. சசிகலா கை. தட்டை வாங்கிக்கொண்டு உள்ளே வருகிறாள், கலைந்த முடியும் கசங்கின சுடிதாருமாக. பந்தியில் பாஞ்சாலை நகர்ந்து இடம் விடுகிறாள். சசிகலா சம்மணம் போட்டு உட்கார்ந்து அள்ளித் தின்கிறாள். பசி என்றால் அப்படி ஒரு பசி. திரௌபதி திரையிலிருந்து நேராகப் பார்த்து, "மைக்கு, நீ இன்னாத்துக்கு நிக்கிற? வா!" என்கிறாள். தொப்பையும் ஹெட்போனுமாக நானும் உள்ளே போகிறேன். அதற்கப்புறம் அந்த ஷாட்டு ஓடிக்கொண்டே இருக்கிறது. யாரோ குழம்பு கேட்கிறார்கள். அம்சவல்லி வந்து எட்டிப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போகிறாள். ஒருத்தரும் கேமராவைப் பார்க்கவில்லை.

சசிகலா என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். கண்ணெல்லாம் தண்ணீர், வாயெல்லாம் சிரிப்பு.

"அண்ணா, அங்க கேமராவுக்குப் பின்னாடி யாருமே இல்ல!"

"ஆமா."

"மூணு வருசத்துல அந்த ஒரு ஷாட்டுதாண்ணா. நாம நெசமாவே இல்லாதது அது ஒண்ணுதான்!"

மைதானத்தில் திரௌபதி எழுந்து நின்று திரையைச் சுட்டிக் காட்டினாள். "அதோ பாரு! தட்டு போய்ச் சேந்துடுச்சு!" ஊர் ஓவென்று கத்தியது. நாட்டாமை கீழே வைத்த வெற்றிலைத் தட்டைக் கையில் எடுத்துவிட்டார். ஆனால் கொடுக்க விடவில்லையே! "மறுக்காப் போடு! மறுக்காப் போடு!" என்று பிள்ளைகளும் பெண்களும் ஒரே கூச்சல்.

நான் சசிகலாவைப் பார்த்தேன். அந்த வார்த்தையைச் சொன்னால் பஸ் ஏற்றி அனுப்பிவிடுவேன் என்றவள் அவள். அதனால் நான் வாயைத் திறக்கவில்லை, பட்டனில் விரலை வைத்துக்கொண்டு நின்றேன்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கையைத் தூக்கி, கல்யாண மண்டபத்தில் நான் கத்துகிற அதே குரலில் கத்தினாள்.

"ஒன் மோர், அண்ணா!"